மிதக்காத ஜாக்கெட்

மரக்காணம்
16.01.2025

சத்யா,

நீ பொங்கலுக்குக் கொடுத்தனுப்பின புடவையையும் கரும்பையும் வந்த ஆட்டோவுலயே திருப்பி அனுப்பிட்டேன். புருஷனைப் பறிகொடுத்து ரெண்டு மாசம்கூட ஆகல. எனக்கு எதுக்குடி புதுப்புடவை?

உன் நம்பரை என் போன்ல இருந்து எடுத்துட்டேன். பேசினா நீ அழுவ. நீ அழுதா எனக்கு நாக்கு எழாது. எழுதினா அந்தத் தொல்லை இல்ல.

உனக்கு ஒண்ணும் தெரியாத மாதிரி இருக்கியே, அதனால முதல்ல இருந்து சொல்றேன். கார்த்திகையில காத்து திரும்பின அன்னிக்கு முகத்துவாரத்துக்கிட்ட போட் கவுந்துச்சு. உன் மாமாவோட இன்னும் மூணு பேர் இருந்தாங்க. மூணு பேரும் டீசல் கேனைப் புடிச்சிக்கிட்டுக் கரை ஏறிட்டாங்க. கேன்ல அவருக்கும் இடம் இருந்துச்சாம். "எனக்கு ஜாக்கெட் இருக்குதுடா, நீங்க புடிச்சிக்கோங்க"ன்னு தள்ளி விட்டாராம். அந்த லைஃப் ஜாக்கெட் உன் கடையில வாங்கினது. தங்கச்சி கடைன்னு வாங்கினது.

அனுமந்தை பக்கம் அவர் உடம்பு ஒதுங்கினப்ப ஜாக்கெட் தண்ணி குடிச்சு கல்லு மாதிரி கனத்துச்சு. உடம்பைத் தூக்க முடியாம முதல்ல அதைத்தான் இடுப்புக்கிட்ட கத்தியால கிழிச்சாங்க. கிழிஞ்ச இடத்துல நான் பார்த்தேன். கலர் கலரா ஸ்பாஞ்ச் துண்டு. மெத்தைக் கடையில கூட்டி வாருற குப்பை. மேல மட்டும் பெரிய கம்பெனி பேரு. விலையும் அந்தக் கம்பெனி விலைதான் வாங்கியிருக்கான் உன் வூட்டுக்காரன்.

ஸ்டேஷனுக்குப் போனா இன்ஸ்பெக்டர் கலியமூர்த்தி அந்தக் கிழிஞ்ச ஜாக்கெட்டை வாங்கி வெச்சிக்கிட்டு, "கடலுக்குப் போறவன் கடல்ல சாவறான், இதுல கடைக்காரன் என்னம்மா பண்ணான்"னு கேட்டான். திண்டிவனத்துல தெய்வநாயகின்னு ஒரு வக்கீலம்மாவைப் பார்த்தேன். அவங்க மாஜிஸ்ட்ரேட்டுகிட்ட மனு போட்டு, கேஸ் பதிவு பண்ணச் சொல்லி ஆர்டர் வாங்கிட்டாங்க. அது தெரிஞ்சதும் உன் புருஷன் ஊர்ப் பெரியவங்களைக் கூட்டிக்கிட்டு வந்து வாசல்ல நின்னான், சமாதானம் பேச. நான் கதவைத் திறக்கல.

எனக்குச் சமாதானம் வேணாம். தட்சணாமூர்த்தி அழியணும். அவன் கடை, அவன் பேரு, அவன் தூக்கம், எல்லாம். இதை அவன்கிட்ட படிச்சுக் காட்டு.

சாமுண்டீஸ்வரி


கூனிமேடு
03.02.2025

அன்புள்ள அக்காவுக்கு,

அன்புள்ளன்னு போடலாமா வேண்டாமான்னு யோசிச்சே ஒரு தாள் வீணாப்போச்சு. போட்டுட்டேன். வேணாம்னா அதை நீ அடிச்சுடு.

உன் கடிதத்தை நான் படிச்சுக் காட்ட வேண்டிய அவசியமே வரல. அவர்தான் முதல்ல பிரிச்சார். படிச்சுட்டு என் சாப்பாட்டுத் தட்டுக்குப் பக்கத்துல வெச்சுட்டு, சாப்பிட்டு எழுந்து போனார். இனிமேல் எழுதறதா இருந்தா மேரிசெல்வி டெய்லர் கடை விலாசத்துக்கு எழுது. அவ என் சிநேகிதி, பிரிக்க மாட்டா.

போலீஸ் வந்து கடையில இருந்த ஜாக்கெட் எல்லாத்தையும் அள்ளி ஜீப்ல போட்டுட்டுப் போனாங்க. வழக்கமா நம்மகிட்ட வலையும் கயிறும் வாங்கறவங்க எதிர்ப்பக்கம் நின்னு பார்த்துக்கிட்டு இருந்தாங்க. ஒருத்தர்கூட ரோட்டைத் தாண்டி வரல. நீ கேட்டது இதுதானே? பாதி கிடைச்சிடுச்சு.

ஆனா அக்கா, அவருக்கே தெரியாது. சென்னையில மொத்த வியாபாரி கொடுத்ததை வாங்கி வித்தார். பெட்டி, முத்திரை, பில் எல்லாம் சரியாத்தான் இருந்துச்சு. அவரையும் ஏமாத்தியிருக்காங்கன்னு நீ ஏன் நினைக்க மாட்டேங்கிற? யார் மேலயாவது கோபத்தைக் காட்டணும், கைக்கு எட்டினவர் அவர்.

மாமா எனக்கும் மாமாதான். நான் பிளஸ் டூ பரீட்சை எழுதின அத்தனை நாளும் கடலுக்குப் போகாம பைக்ல கொண்டு விட்டவர். எனக்கு வருத்தம் இல்லைன்னு நினைக்கிறியா? சாவு வீட்டுல என்னை வாசலோட நிறுத்தினே. உள்ளே வந்து அழக்கூட விடல. அதை நான் மறக்க மாட்டேன். நானும் உன் கூடப் பிறந்தவதான்.

சத்யப்ரியா


மரக்காணம்
22.03.2025

சத்யா,

உன் புருஷன் இப்ப ஸ்வீட் வாங்கிக் கொடுத்திருப்பானே, சாப்பிட்டியா?

நேத்து கோர்ட்டுக்குப் போனேன். கேஸை முடிச்சிட்டாங்க. ஜாக்கெட் எல்லாம் ஒரிஜினலாம். கம்பெனி ஆளே வந்து பார்த்துட்டு எழுதிக் கொடுத்துட்டாராம். புகாருல உண்மை இல்லைன்னு கலியமூர்த்தி அறிக்கை தாக்கல் பண்ணிட்டான். மாஜிஸ்ட்ரேட்டு, "உங்களுக்கு ஆட்சேபணை இருந்தா சொல்லலாம்மா"ன்னாரு. ஜாக்கெட்டைக் கண்ணால பார்க்கணும்னு கேட்டேன். மேசை மேல வெச்சாங்க.

உன் மாமா போட்டிருந்ததுன்னு ஒண்ணைத் தனியாக் காட்டினாங்க. மேல உப்பு பூத்திருந்துச்சு. இடுப்புக்கிட்ட கிழிசலும் இருந்துச்சு. விரிச்சுப் பார்த்தேன். உள்ள வெள்ளையா, தகடு மாதிரி ஃபோம். நான் கரையில பார்த்தது இது இல்லன்னு சொன்னேன். "நல்லாப் பார்த்துக்கோ, இது மிதக்குற ஜாக்கெட். நீந்தத் தெரியாதவனுக்குக் கம்பெனி என்ன பண்ணும்"னு என் காதுகிட்ட வந்து சொல்றான் கலியமூர்த்தி. நடக்கப் பழகறதுக்கு முன்னாடியே தண்ணியில கிடந்த மனுஷன்டி அவரு.

நேத்து வரைக்கும் உன் புருஷன் ஒருத்தன்தான் என் கணக்குல இருந்தான். இப்ப ரெண்டு பேரு.

நான் உப்பளத்துக்குப் போக ஆரம்பிச்சிருக்கேன். பாத்தியில இறங்கினா கால் வெடிப்புல உப்பு ஏறி உயிர் போவுது. எரியும்போதெல்லாம் அவனுங்க பேரைச் சொல்லிக்கிட்டே வாருறேன். கூட வேலை செய்யறவங்க நான் சாமி பேரு சொல்றேன்னு நினைச்சிக்கிட்டு இருக்காங்க.

வக்கீலம்மா ஹைகோர்ட்டுல மனு போடறாங்க. இந்த விசாரணையை இன்ஸ்பெக்டர்கிட்ட இருந்து பிடுங்கணும், இனிமே கோர்ட்டே மேல இருந்து பார்க்கணும்னு. பொருள் எப்படி மாறுச்சுன்னு அங்க கேட்பாங்க. அப்ப யாராவது ஒருத்தர் வாயைத் திறந்துதான் ஆகணும்.

சாமுண்டீஸ்வரி


கூனிமேடு
29.04.2025

அக்கா,

இதை டெய்லர் கடையில உட்கார்ந்து அவசரமா எழுதறேன்.

ஹைகோர்ட்டு ஆர்டரோட டிஎஸ்பி வந்தார். இனிமேல் அவர்தான் விசாரிப்பாராம், ஒவ்வொரு வாய்தாவுக்கும் என்ன செஞ்சாங்கன்னு ஜட்ஜுக்கு அறிக்கை கொடுக்கணுமாம். மரியாதையாத்தான் பேசினார். உட்கார்ந்து தண்ணி வாங்கிக் குடிச்சுட்டு, "கடை யார் பேர்ல இருக்கு?"ன்னு கேட்டார்.

"எங்க வீட்டம்மா பேர்லங்க. நான் சும்மா ஒத்தாசைக்குத்தான் உட்காருவேன்"னு அவர் சொன்னார். யோசிக்கவே இல்லை அக்கா. ஏற்கெனவே சொல்லிப் பார்த்து வெச்சிருந்த மாதிரி சொன்னார்.

லைசென்ஸ், ஜிஎஸ்டி, பேங்க் அக்கவுண்ட் எல்லாம் என் பேர்லதான். கல்யாணம் ஆன புதுசுல, பொம்பளை பேர்ல இருந்தா லோன் சுலபமாக் கிடைக்கும்னு சொல்லிக் கையெழுத்து வாங்கினார். எனக்கு அப்போ பெருமையாக்கூட இருந்துச்சு. டிஎஸ்பி என்னைப் பார்த்து, "அப்ப கேஸ்ல குற்றம் சாட்டப்பட்ட முதல் எதிரி நீங்கதாம்மா"ன்னார்.

நீ யாரை நினைச்சு மனு போட்டியோ அவர் தப்பிச்சுடுவார். நான்தான் மாட்டுவேன். உன் கால்ல விழறேன், வாபஸ் வாங்கிடு. மாமாவுக்காக நீ செய்ய வேண்டியதெல்லாம் செஞ்சுட்டே. உன் தங்கச்சியை ஜெயிலுக்கு அனுப்பி உனக்கு என்ன கிடைக்கப் போகுது?

சத்யா


மரக்காணம்
04.05.2025

சத்யா,

வாபஸ் வாங்க மாட்டேன்.

உன்னைப் புடிக்கணும்னு நான் மனு போடல. ஆனா அவனுக்கும் எனக்கும் நடுவுல நீ வந்து நின்னா, உனக்காக நான் ஒதுங்கிப் போகவும் மாட்டேன்.

என்ன கிடைக்கும்னு கேட்டியே. காலையில எழுந்திரிச்சதும் பக்கத்துல பாய் காலியா இருக்குது. அதைப் பார்த்ததும் திரும்பப் படுத்துடலாம்னுதான் தோணும். அந்த ரெண்டு பேரும் இன்னும் நிம்மதியாச் சோறு தின்னுக்கிட்டு இருக்கானுங்கன்னு நினைச்சா எழுந்துடறேன். எனக்குக் கிடைக்கிறது அதுதான்.

நீ அந்த வூட்டுலதானே இருக்க? ஸ்பாஞ்ச் துண்டு எப்படி ஃபோம் ஆச்சு? உன் கண்ணு முன்னாடி நடக்காம இருந்திருக்காது. அதைச் சொல்லு. சொல்ல மாட்டேன்னா இனிமே எழுதாத.

சாமுண்டீஸ்வரி


கூனிமேடு
12.05.2025

அக்கா,

உன் கடிதம் வந்ததுல இருந்து உன்கிட்ட சண்டை போட்டுக்கிட்டே இருந்தேன், மனசுக்குள்ள. நேத்தோட அந்தச் சண்டை முடிஞ்சுடுச்சு.

நேத்து அவரோட வக்கீல் வீட்டுக்கு வந்தார். நான் டீ போட்டுக்கிட்டு இருந்தேன். "பொம்பளைங்களுக்கு பெயில் சீக்கிரம் கிடைச்சுடும். எல்லாம் எனக்குத் தெரிஞ்சுதான் நடந்துச்சுன்னு அவங்க ஒத்துக்கிட்டா நீங்க வெளியில வந்துடலாம்"னு அந்த ஆள் சொன்னார். "ஒத்துக்குவா. அவளுக்கு யாரு இருக்கா? அக்காவும் சேர்த்துக்க மாட்டா"ன்னார் இவர். நான் டீயைக் கொண்டுபோய் ரெண்டு பேருக்கும் கொடுத்தேன். சர்க்கரை சரியா இருக்கான்னுகூடக் கேட்டேன்.

நீ கேட்டதைச் சொல்றேன். பிப்ரவரி மாசம் ஒரு மூட்டை புது ஜாக்கெட் கொண்டு வந்தார். எல்லாம் ஒரிஜினல். கடையில ரெண்டு விதமா வெச்சிருந்தது எனக்குத் தெரியும், விலை வேறன்னு நினைச்சிருந்தேன். "கம்பெனிக்காரன் பழசு கேக்கறான், டெஸ்ட் பண்ணணுமாம்"னு சொன்னார். உப்பளத்துத் தண்ணியை டிரம்ல கொண்டாந்து அதுல ஊற வைக்கச் சொன்னார். ஊற வெச்சேன். மாடியில காயப் போட்டேன். மணல் போட்டுத் தேய்ச்சேன். வெளியில இருந்த லேபிளை வெட்டச் சொன்னார், வெட்டினேன்.

கடைசியா ஒண்ணை எடுத்து, "இதை மட்டும் இடுப்புக்கிட்ட பிளேடால கிழி"ன்னார்.

அப்போதான் எனக்குப் புரிஞ்சது, யாரோட ஜாக்கெட்டை நான் செஞ்சுக்கிட்டு இருக்கேன்னு. கிழிச்சேன் அக்கா. அவர் பார்த்துக்கிட்டு நின்னார். மறுநாள் ஸ்டேஷன் ஆள் வந்து மூட்டையை எடுத்துக்கிட்டு, அவங்க அள்ளிட்டுப் போன பழைய மூட்டையைத் திருப்பிக் கொடுத்தார். அதைச் செங்கல் சூளையில போட்டு எரிச்சுட்டாங்க.

ஆனா அதைக் கிழிச்சப்போ உள்தையல்ல இன்னொரு சின்ன லேபிள் இருந்ததைப் பார்த்தேன். தயாரிச்ச மாசம் அதுல அச்சடிச்சிருந்துச்சு. அவர் அதைப் பார்க்கல. நான் சொல்லவும் இல்லை, வெட்டவும் இல்லை. ஏன்னு என்னைக் கேட்காதே. பயத்துல விட்டேனா, வேணும்னே விட்டேனான்னு எனக்கே தெளிவா இல்லை. ஜட்ஜ் முன்னாடி அந்த உள்தையலைப் பிரிக்கச் சொல்லு.

போன கடிதத்துல வாபஸ் வாங்கச் சொன்னேன். இப்போ சொல்றேன், வாங்கிடாதே. யார் வந்து காலைப் பிடிச்சாலும் வாங்கிடாதே. நான் நாளைக்கு தெய்வநாயகி மேடத்தைப் பார்க்கப் போறேன். மாஜிஸ்ட்ரேட் முன்னாடி எல்லாத்தையும் சொல்லிடறேன். என்னையும் உள்ளே வைப்பாங்கன்னு தெரியும்.

நீ மட்டும்தான் பழி வாங்கணுமா?

சத்யா


மரக்காணம்
20.06.2025

சத்யா,

ஜெயிலுக்குள்ள போற லெட்டரைப் பிரிச்சுப் படிப்பாங்களாம். படிக்கட்டும். இதுல மறைக்க ஒண்ணும் இல்ல.

கோர்ட்டு கோடை லீவு முடிஞ்சு முதல் வாய்தாவுக்கே சென்னைக்குப் போயிட்டேன். ஹைகோர்ட்டு ஹால்ல பின்னாடி நின்னேன். கலியமூர்த்தி யூனிபார்ம் இஸ்திரி போட்டுக்கிட்டு வந்திருந்தான். ஜாக்கெட்டை மேசையில வெச்சாங்க.

ஜட்ஜ் அவனைக் கேட்டாரு, "இறந்தவர் உடம்புல இருந்து எடுத்தது இதுதானா?"

"ஆமாங்க ஐயா."

"வேற எதுவும் இல்லையே?"

"இதேதாங்க ஐயா. நானே கைப்பற்றினேன்."

"உள்தையலைப் பிரிங்க"ன்னாரு ஜட்ஜ், வக்கீலம்மா கேட்டுக்கிட்டபடி. டிஎஸ்பி பிரிச்சாரு. லேபிளை வெளிச்சத்துல புடிச்சுப் படிச்சாரு. "தயாரிப்பு, ஜனவரி 2025."

ஜட்ஜ் நம்ம வக்கீலம்மா பக்கம் திரும்பி, "இவங்க வீட்டுக்காரர் எப்ப இறந்தார்?"னு கேட்டாரு.

"நவம்பர் 2024, மை லார்ட்."

அப்புறம் ஜட்ஜ் சத்தம் போடாமத்தான் சொன்னாரு, "செத்தவர் திரும்பி வந்து கடையில வாங்கிப் போட்டுக்கிட்டாரா, இன்ஸ்பெக்டர்?" கலியமூர்த்தி தொப்பியை இந்தக் கையில இருந்து அந்தக் கைக்கு மாத்தினான். மறுபடியும் மாத்தினான். அந்த முகத்தைப் பார்க்கத்தான் நான் இத்தனை மாசம் உப்பு வாரினேன்.

அப்பறம் நடந்ததுல பாதி உனக்குத் தெரியும். வக்கீலம்மா சொல்லி அதுவரைக்கும் காத்திருந்த நீ, வாக்குமூலம் கொடுத்துட்டு உள்ள போனே. அடுத்து கலியமூர்த்தியை சஸ்பெண்ட் பண்ணி அவன் மேலயே கேஸ் போட்டாங்க. உன் புருஷனைப் புதுச்சேரியில ஒரு லாட்ஜ்ல புடிச்சாங்க. ஊற வெச்சதும் கிழிச்சதும் நீதான், அவனுக்கு ஒண்ணுமே தெரியாதுன்னு டிஎஸ்பிகிட்ட சொல்லியிருக்கான். பக்கத்து வூட்டுக்காரங்க நீ மாடியில காயப் போட்டதைப் பார்த்தாங்களாம், சாட்சி சொல்லியிருக்காங்க. ஆனா அந்தச் சென்னை வியாபாரியையும் புடிச்சிட்டாங்க. மட்டமான சரக்கை வேணும்னே கேட்டு வாங்கினது உன் புருஷன்தான்னு அவன் சொல்லிட்டான்.

உன் புருஷனை வேன்ல ஏத்தினப்ப நான் பக்கத்துலதான் நின்னேன். "குடும்பம்னு ஒண்ணு இருக்குது அண்ணி"ன்னான். "எனக்கும் இருந்துச்சு"ன்னேன்.

வக்கீலம்மா உனக்கு ஜாமீன் மனு போடலாம்னு சொல்றாங்க. ரத்த சொந்தம் ஒருத்தர் கையெழுத்து வேணும், நீங்க போடறீங்களான்னு என்னைக் கேட்டாங்க. நான் போடல. உன்கிட்ட நேராச் சொல்லிடணும்னுதான் எழுதறேன். நீ உண்மையைச் சொன்னே, ஒத்துக்கறேன். ஆனா உன் மாமா ஜாக்கெட்டுன்னு தெரிஞ்சும் உன் கை கிழிச்சிருக்குது. பேனாவைக் கையில எடுத்தேன், அந்த பிளேடுதான் கண்ணுக்கு முன்னால வந்துச்சு. வெச்சிட்டு வந்துட்டேன்.

சாமுண்டீஸ்வரி


பெண்கள் சிறை
02.07.2025

அக்கா,

கையெழுத்துப் போடாததுக்கு நான் உன் மேல கோபப்படல. போட்டிருந்தாத்தான் கோபப்பட்டிருப்பேன். கேளு.

போன வாரம் அவனோட வக்கீல் என்னைப் பார்க்க வந்தான். ரொம்ப அக்கறையா, "ஏம்மா இன்னும் ஜாமீன் கேட்கல? நானே செலவில்லாம மனு போட்டுத் தர்றேன்"னான். எனக்குச் சந்தேகம் வந்துச்சு. இங்கே கூட இருக்கிற ஒரு அம்மாவுக்குக் கேஸ் விஷயம் எல்லாம் அத்துப்படி. அவங்கதான் விளக்கினாங்க. ஒரே கேஸ்ல ஒருத்தருக்கு ஜாமீன் கிடைச்சுட்டா, அதையே காட்டி அடுத்தவனும் எனக்கும் கொடுங்கன்னு கேட்பானாம். முதல் எதிரிக்கே கொடுத்துட்டீங்க, ரெண்டாவது எதிரிக்கு ஏன் கொடுக்க மாட்டேங்கிறீங்கன்னு கேட்டா கோர்ட்டுக்கு மறுக்கறது கஷ்டமாம்.

தட்சணாமூர்த்தி ரெண்டு தடவை கேட்டும் தள்ளுபடி ஆயிடுச்சு. அவனுக்கு இப்போ இருக்கிற வழி நான்தான். நான் வெளியே போனா அந்த வழியிலேயே அவனும் வந்துடுவான். மறுபடியும் என்னை முன்னாடி நிறுத்திட்டு அவன் பின்னாடி வரப் பார்க்கிறான்.

அதனால நான் கேட்க மாட்டேன். கேஸ் முடியற வரைக்கும் இங்கேயே இருக்கப் போறேன். தெய்வநாயகி மேடம்கிட்டயும் சொல்லிடு, எனக்காக எந்த மனுவும் போட வேண்டாம்.

இங்கே பகல்ல தையல் மெஷின்ல வேலை கொடுக்கறாங்க. சாப்பாடு சப்புன்னு இருக்கும். ராத்திரி கொசு. அவனுக்கும் அங்கே இதே சாப்பாடு, இதே கொசு. படுத்ததும் அதைத்தான் நினைச்சுக்குவேன். நல்லாத் தூக்கம் வருது அக்கா.

அந்த பிளேடைப் பத்தி நீ எழுதினதைத் திரும்பத் திரும்பப் படிச்சேன். உனக்கு எப்போ மனசு ஆறுதோ அப்போ ஆறட்டும். ஆறாட்டியும் பரவாயில்லை. அவன் உள்ளே இருந்தா எனக்கு அது போதும்.

சத்யா


மரக்காணம்
11.07.2025

சத்யா,

உன் லெட்டரை வக்கீலம்மாகிட்ட கொடுத்தேன். படிச்சுட்டு மடக்கி மேசையில வெச்சாங்க. "சட்டப்படி அவ சொல்றது சரிதான். ஆனா இது எத்தனை வருஷம் இழுக்கும்னு யாருக்கும் தெரியாது. சின்னப் பொண்ணு. நீங்க அக்கா, நீங்கதான் எடுத்துச் சொல்லணும்"னாங்க.

சொல்றேன்னு சொல்லிட்டு வந்தேன். பஸ்ல வரும்போதெல்லாம் என்ன சொல்றதுன்னு யோசிச்சேன். வெளியில வந்துடுன்னு எழுதலாம்னு ஒரு தடவை தோணுச்சு. அவன் கூனிமேட்டு ரோட்டுல பைக்ல போறதை நினைச்சுப் பார்த்தேன். எழுதல.

வூட்டுக்கு வந்து கொடியில துணியை எடுக்கும்போது எனக்கே தெரியாம அழுதுட்டேன். அவர் போன அன்னிக்கு அழுதது. அதுக்கப்புறம் இன்னிக்குத்தான். அவருக்காகவா உனக்காகவான்னு தெரியல.

செவ்வாக்கிழமை உன்னைப் பார்க்க மனு போட்டிருக்கேன். உப்பளத்துல லீவு சொல்லிட்டேன். கருவாடு, தொக்கு எதுவும் உள்ள விட மாட்டாங்களாம். நைட்டியும் சோப்பும் கொண்டாறேன். வேற ஏதாவது வேணும்னா எழுது.

அவனோட வக்கீல் மறுபடியும் ஜாமீன் பேச வந்தா, நான் வந்து பேசிக்கிறேன்னு சொல்லு. நீ பேசாத.

உன் அக்கா